ஜப்பான் கிழமை

சிவகாசியில் ஒரு புரட்டாசி மாதம், செவ்வாய்க்கிழமை முடிந்து புதன்கிழமை பிறக்கவேண்டிய இடத்தில், இரண்டுக்கும் நடுவே இன்னொரு நாள் வந்து உட்கார்ந்துகொண்டது. இடி இடித்துக்கொண்டோ மேளம் கொட்டிக்கொண்டோ வரவில்லை. கல்யாண வீட்டுக்கு ஒருநாள் முன்னாடியே வந்துவிட்ட தூரத்துச் சொந்தக்காரர் மாதிரி, பையை ஓரமாக வைத்துவிட்டு, பேசாமல் உட்கார்ந்தது. அன்று காலை பால் வண்டி வரவில்லை, பேப்பர் வரவில்லை, சாத்தூர் பஸ் வரவில்லை. செல்போனைத் தட்டினால் மணி காட்டியது, தேதி இருக்கவேண்டிய இடம் மட்டும் வெறுமையாகக் கிடந்தது. வெயிலில் பிறந்து வெயிலில் வளர்ந்த ஊர்க்காரர்கள் பெட்ஷீட்டைப் போர்த்திக்கொண்டு தெருவுக்கு வந்து பார்த்தால், நிறுத்திவைத்த மோட்டார் சைக்கிள் சீட்டுகள்மேல் வெள்ளையாக என்னவோ தூவிக் கிடந்தது. டீக்கடை பேச்சித்தாய் அதை விரலில் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்து, “சீனியும் இல்ல, உப்பும் இல்ல, சில்லுன்னு இருக்கு, வாயில வச்சதும் காணாமப் போயிருது” என்று எல்லாருக்கும் பொதுவாக அறிவித்துவிட்டு, பால்பவுடரைக் கரைத்து அடுப்பைப் பற்றவைத்தாள். நாள் ஒன்று கூடுதலாக வந்துவிட்டது என்பதற்காக ஜனங்கள் டீ குடிக்காமல் இருந்துவிடுவார்களா என்ன?

அது எந்த நாள் என்று அந்த ஊரில் அடையாளம் தெரிந்தது ஒரே ஒருத்திக்குத்தான். அவள் பெயர் ஜெயக்கொடி, வயசு நாற்பத்தொன்று, உள்ளூர்க் கல்லூரி ஒன்றில் வரலாறு நடத்துகிறவள், காலண்டர் அச்சகத்தில் ஃபோர்மேனாக இருக்கும் தங்கப்பழத்தின் மனைவி, எட்டு வருஷமாக டாக்டர் பட்டத்துக்குப் படித்துக்கொண்டே இருப்பவள் என்று ஊரே கொஞ்சம் இரக்கத்தோடு அறிந்துவைத்திருந்தவள். அவள் படித்தது மெய்ஜி மன்னர் காலத்து ஜப்பானை. ஆயிரத்து எண்ணூற்று எழுபத்திரண்டாம் வருஷக் கடைசியில், அவர்கள் கணக்கில் மெய்ஜி ஐந்தாம் ஆண்டில், அந்த அரசாங்கம் பழைய காலண்டரைத் தூக்கிப் போட்டுவிட்டு ஐரோப்பாக்காரன் காலண்டருக்கு மாறியது. மாறியதென்றால் நம்ம ஊரில் பழைய பஸ் ஸ்டாண்டை மாற்றுவது மாதிரி இழுத்தடித்து அல்ல, மூன்று வாரத்துக்குக் கொஞ்சம் கூடத்தான் அவகாசம்; பழைய கணக்கில் பன்னிரண்டாம் மாதம் இரண்டு தேதி ஓடியது, மூன்றாம் தேதி விடியவேண்டிய காலையில் இன்று ஜனவரி ஒன்று என்று சொல்லிவிட்டார்கள், மூன்று முதல் முப்பது வரை இருபத்தெட்டு நாள் போன இடம் தெரியவில்லை.

ஏன் மாற்றினார்கள், யார் கையெழுத்துப் போட்டார்கள், நவீன அரசு எப்படிப் பிறந்தது என்று எழுதிய புத்தகங்கள் அலமாரி அலமாரியாக இருக்கின்றன. ஜெயக்கொடியின் கேள்வி வேறு. அந்த இருபத்தெட்டு நாளில் பிறந்தநாள் வைத்திருந்தவன் என்ன செய்தான், அப்பா திவசம் வைத்திருந்தவள் என்ன செய்தாள், நாளைக்குத் துவைக்கலாம் என்று துணியை ஊறவைத்தவள் என்ன செய்தாள்? மதுரையில் இருந்த அவளுடைய நெறியாளர் டாக்டர் ஏகாம்பரநாதனுக்கு இந்தக் கேள்வியைக் கேட்டாலே புளித்த ஏப்பம் வரும். ஆவணம் இல்லையென்றால் வரலாறு இல்லை என்ற ஒரே வாக்கியத்தை வைத்து முப்பத்திரண்டு வருஷம் வண்டி ஓட்டிய மனிதர் அவர். “அரசாணை இருக்கு, மந்திரி கடிதம் இருக்கு, அத வச்சு எழுதும்மா. சாமானியன் என்ன செஞ்சான்னு எவன் எழுதி வச்சான்? எழுதி வைக்காதவன வச்சுக்கிட்டு நீ என்னத்த எழுதப்போற?” என்பார். அவர் சொல்வதிலும் நியாயம் இருந்தது. அதனால்தான் எட்டு வருஷம் ஓடியது. வருகிற மார்ச் முப்பத்தொன்றுக்குள் எல்லாம் முடியாவிட்டால் அவள் பதிவு ரத்து, எட்டு வருஷமும் பாழ் என்று பல்கலைக்கழகம் கடைசிக் கடிதம் அனுப்பியிருந்தது.

அன்று சாயங்காலம் துணி எடுக்க மொட்டைமாடிக்குப் போனவள் மேற்கே மெல்லிசாக மூன்றாம்பிறையைப் பார்த்தாள். குளிர், வெள்ளைத் தூள், தேதியில்லாத நாள், மூன்றாம்பிறை. நாலையும் கூட்டிப் பார்த்தாள். துணியை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்து, “என்னங்க, வந்துருச்சுங்க, மூணாந்தேதி வந்துருச்சு!” என்று தங்கப்பழத்தின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். காலையிலிருந்து கரண்டி கரண்டியாக மிளகுரசம் குடித்துக்கொண்டிருந்த தங்கப்பழம், “யாரு வந்தா?” என்று வாசலைப் பார்த்தார். மறுநாள் ஒன்றுமே நடக்காததுபோல் புதன்கிழமை வந்தது, பால் வந்தது, பஸ் வந்தது. வெளியூருக்குப் போன் போட்டுக் கேட்டால் அங்கேயெல்லாம் செவ்வாய்க்குப் பிறகு நேராகப் புதன்தானாம். அடுத்த செவ்வாய் முடிந்ததும் மறுபடி ஒரு நாள் வந்தது, அன்று பிறை ஒரு சுற்றுப் பருத்திருந்தது. அதற்கடுத்த வாரம் இன்னும் கொஞ்சம். மற்ற ஏழு நாளும் வானத்தில் இருந்த நிலா வேறு, அந்த நாளில் வந்த நிலா வேறு, அது தன் பாட்டுக்கு ஒரு நாளைக்கு ஒரு கலை என்று வளர்ந்துகொண்டிருந்தது.

ஜப்பானில் தொலைந்த நாள் சிவகாசிக்கு ஏன் வரவேண்டும் என்று கேட்பீர்கள். ஊர்க்காரர்களும் கேட்டார்கள், பதிலையும் அவர்களே சொல்லிக்கொண்டார்கள்: நம்ம ஊருக்குத்தான் குட்டி ஜப்பான் என்று பெயர் இருக்கிறதே, பெரிய ஜப்பானில் கதவைச் சாத்திவிட்டார்கள், பாவம், எங்கேதான் போகும்? அதோடு காரணம் தேடும் வேலை முடிந்தது. அதற்கு ஜப்பான் கிழமை என்று பெயர் வைத்து வாரத்தில் எட்டாவதாகச் சேர்த்துக்கொண்டார்கள்.

சேர்த்துக்கொண்ட பிறகு அதை விட்டுவைப்பார்களா? சர்க்கரை நோயாளிகள் ஜப்பான் கிழமையில் இஷ்டத்துக்கு அல்வா சாப்பிட்டார்கள், எந்த டாக்டர் கேட்டாலும் தேதி சொல்ல முடியாதே என்று. தீப்பெட்டி ஆபீஸ் பெண்கள் அன்று காலை பத்து மணி வரை தூங்கினார்கள், அதில் சிலர் தங்களுக்குக் கல்யாணம் ஆன நாளிலிருந்து அப்படித் தூங்கியதே இல்லை என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். பேசாமல் இருந்த அண்ணன் தம்பிகள் அந்த நாளில் மட்டும் பேசிக்கொண்டு, புதன்கிழமை விடிந்ததும் மறுபடி முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். திருத்தங்கல் ரோட்டில் ஒருவர் தலைக்கு மையடிக்கிற நாளாகவே அதை வைத்துக்கொண்டார்.

ஆனால் ஒரு சங்கடம் இருந்தது. ஊரே காலண்டர் அடித்துப் பிழைக்கிற ஊர். ராகுகாலம் தெரியாத ஒரு நாளில் அங்கே எவரும் நிம்மதியாக மூச்சுவிட முடியவில்லை. கல்லூரித் தேர்வுக்குப் பணம் கட்டுவதென்றாலும் ராகுகாலம் பார்த்துக் கட்டுகிறவர்கள், ஜப்பான் கிழமைக்கு எது ராகுகாலம் என்று தெரியாமல் காலையிலிருந்து சாயங்காலம் வரை வீட்டைவிட்டுக் கிளம்புவதா வேண்டாமா என்று செருப்பை மாட்டி மாட்டிக் கழற்றினார்கள். கடைசியில் தங்கப்பழம் வேலைபார்த்த அச்சகத்தில் பெரிய கூட்டம் போட்டார்கள். செவ்வாய்க்கு ராகுகாலம் மூன்றிலிருந்து நாலரை, புதனுக்குப் பன்னிரண்டிலிருந்து ஒன்றரை, இது இரண்டுக்கும் நடுவில் வருகிற நாள். ஆகவே இரண்டையும் கூட்டிப் பாதியாக்கினால் ஒன்றரையிலிருந்து மூன்று என்று தங்கப்பழம் கரும்பலகையில் கணக்குப் போட்டுக் காட்ட, எல்லாரும் கைதட்டினார்கள். “அது வியாழக்கிழமை ராகுகாலமாச்சே, ரெண்டு நாளைக்கு ஒரே நேரத்துல ராகு எப்படிய்யா வருவாரு?” என்று மூலையிலிருந்து ஒருவர் எழுந்தார். “வேற வேற நாள்லதானய்யா வர்றாரு, உட்காரும்” என்று அவரை அமுக்கினார்கள். அடுத்த வாரமே தேதி இடம் காலியாக, ராகுகாலம் மட்டும் பெரிய எழுத்தில் போட்ட தினசரித் தாள் அச்சாகி வீட்டுக்கு வீடு வந்துவிட்டது; காலையில் எழுந்து அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டதும் ஜனங்களுக்கு உயிர் வந்தது.

இதையெல்லாம் ஜெயக்கொடி வெறுமனே பார்த்துக்கொண்டிருக்கவில்லை. நூற்றைம்பது வருஷத்துக்கு முன்னால் யாரும் போய்க் கேட்காத கேள்வியை இப்போது கேட்கலாம் அல்லவா? கோடு போட்ட நோட்டு ஒன்றை எடுத்துக்கொண்டு தெருத்தெருவாகப் போய், “நேத்து... இல்ல, ஜப்பான் கிழமைக்கு என்ன செஞ்சீங்க?” என்று வாசல்தோறும் கேட்டாள். முதலில் ரேஷன் கார்டு கணக்கெடுப்பு என்று நினைத்துப் பயந்தவர்கள், பிறகு அவளுக்காகக் காத்திருந்து சொல்லத் தொடங்கினார்கள். அவர்கள் சொல்லச் சொல்ல அவள் ஆய்வேட்டின் ஐந்தாம் அத்தியாயம் வளர்ந்தது.

விஷயம் வெளியூர் அறிஞர்கள் காதிலும் விழுந்தது. ஜப்பான் கிழமையை ஆராய்வதற்கென்றே மூன்று பேராசிரியர்கள் ஒரு செவ்வாய்க்கிழமை வந்து லாட்ஜில் தங்கினார்கள். ஒருவர் எதையும் அரசாங்கத்தின் கண்கொண்டு பார்ப்பவர், ஒருவர் எதையும் சடங்காகப் பார்ப்பவர், ஒருவர் எதையும் எண்ணிக்கையாகப் பார்ப்பவர். அந்த நாள் விடிந்ததும் மூவரும் ஒரு ஏ.சி. அறையில் கதவைச் சாத்திக்கொண்டு, இதை எந்த முறையில் அணுகுவது என்று விவாதிக்க ஆரம்பித்தார்கள். விவாதம் சூடுபிடித்து, சாப்பாட்டுப் பொட்டலம் உள்ளே போய், காலி இலை வெளியே வந்து, ஒருவழியாக உடன்பாட்டுக்கு வந்து கதவைத் திறந்தபோது வெளியே புதன்கிழமை வெயில் அடித்துக்கொண்டிருந்தது. மூவரும் ஆளுக்கொரு கட்டுரை எழுதினார்கள். சும்மா சொல்லக்கூடாது, மூன்றும் நல்ல கட்டுரைகள்தான்.

“இது வரலாறே இல்ல ஜெயக்கொடி,” என்றார் ஏகாம்பரநாதன் போனில். “உங்க ஊரு பேச்சித்தாய் சொன்னது எப்படிம்மா மெய்ஜி ஜப்பானுக்குச் சான்றாகும்?”

“நாள் அவங்க நாள்தான சார்? நாள் பறிபோனா ஜனங்க எப்படி நடந்துக்குவாங்கன்னு பார்க்க எனக்கு வேற எங்க கிடைக்கும்?”

“நாள் இருந்துச்சுங்கறதுக்கு ஒரு ஆவணம் காட்டு. தேதி போட்ட ஆவணம். உங்க வீட்டுக்காரர் அடிச்ச தாள்ல ராகுகாலம்தான் இருக்கு, தேதி எங்க? அந்த அஞ்சாம் அத்தியாயம் வாய்மொழித் தேர்வுல நின்னுச்சுன்னா நான் என் பேரை மாத்தி வச்சுக்கிறேன்.” அவர் போனை வைத்ததும் ஜெயக்கொடிக்கு ஆத்திரமாக வந்தது, கொஞ்சம் பயமாகவும் இருந்தது.

இதற்கிடையில் கார்த்திகை வந்தது, காலண்டர் அச்சடிப்பு உச்சத்தில் இருந்தது, அச்சக அதிபர் சங்கத்துக்குப் பொறுமை போனது. ஜப்பான் கிழமைக் குளிரில் மை காயவில்லை, வெடிக்கு மருந்து உலரவில்லை, முந்நூற்று அறுபத்தைந்து தாள் அடிக்கவேண்டிய இடத்தில் எத்தனை அடிப்பதென்று யாருக்கும் தெரியவில்லை. சங்கச் செயலாளர் வெள்ளத்துரை ஒரு நோட்டீஸ் போட்டார்: செவ்வாய்க்கும் புதனுக்கும் இடையில் வருவதாகச் சொல்லப்படும் நாள் இனிமேல் கிடையாது, அதற்கென்று தாள் அடிக்கக்கூடாது, அன்றைய தினம் பொதுமக்கள் யாரும் எழுந்திருக்க வேண்டாம். நோட்டீஸை அடித்துக்கொடுத்தது யார்? நம்ம தங்கப்பழம்தான்.

“மெய்ஜி அரசாங்கம் போட்ட அதே நோட்டீஸு! எட்டு வருஷமா நான் யாரைத் திட்டிக்கிட்டு இருக்கேனோ அந்த வேலைய நீங்களே செஞ்சுட்டு வந்து நிக்கிறீங்களே, உங்களுக்கே நல்லா இருக்கா?” என்று ஜெயக்கொடி இடுப்பில் கைவைத்துக்கொண்டு நின்றாள்.

“எனக்கு மெய்ஜியும் தெரியாது, கிய்ஜியும் தெரியாது. பத்தாயிரம் காப்பின்னாங்க, அடிச்சுக் குடுத்தேன். வேலைன்னா வேலை” என்றார் தங்கப்பழம். சொன்னாரே தவிர, சாப்பாடு இறங்கவில்லை. அவள் கோபத்தோடு கோபமாக இன்னொன்றும் சொன்னாள்: அந்தக் காலத்து ஜப்பானிலும் நல்லநாள் கெட்டநாள் போட்ட காலண்டர் அடிக்கக்கூடாது என்று தடை போட்டார்கள்; அச்சகக்காரர்கள் திருட்டுத்தனமாக அடித்து விற்றார்கள்; எங்கே அச்சாகிறது, யார் அடிக்கிறார்கள் என்று யாருக்கும் தெரியாததால் அதற்குப் பேய்க்காலண்டர் என்றே பெயர் வந்தது. தங்கப்பழம் கைகழுவிவிட்டு எழுந்துபோனார். அடுத்த ஜப்பான் கிழமைக்கு முந்தின சாயங்காலம் வீட்டு வாசல்களில், செய்தித்தாளுக்குள் செருகி, எப்போதும்போல் ராகுகாலத் தாள் கிடந்தது. யார் அடித்தது என்று கேட்டதற்கு, “பேய் அடிச்சிருக்கும்” என்றார் தங்கப்பழம்.

தடை போட்ட பிறகு வந்த முதல் ஜப்பான் கிழமை, பழைய கணக்கில் பதின்மூன்றாம் தேதி. அந்தக் காலத்தில் ஜப்பானில் வருஷக் கரியையும் ஒட்டடையையும் அடித்துத் தள்ளுகிற நாள் அது. ஜெயக்கொடி இதை எவரிடமும் மூச்சுவிட்டதில்லை. அன்று காலை ஊர் அடங்கித்தான் கிடந்தது. எட்டு மணிக்கு ஒரு வீட்டில் பாத்திரம் உருளுகிற சத்தம் கேட்டது, பிறகு பக்கத்து வீட்டில், பிறகு எதிர்வீட்டில். ஒன்பது மணிக்கெல்லாம் தெருக்கள் முழுக்கப் பரணைக் காலிசெய்கிறவர்களும் பாயை உதறுகிறவர்களும் மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு தும்முகிறவர்களுமாக, ஏன் செய்கிறோம் என்று தெரியாமலே, கை சும்மா இருக்க மாட்டேன் என்கிறதே என்று ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டு, ஊர் மொத்தமும் தன் கரியைத் தானே அடித்துத் தள்ளிக்கொண்டிருந்தது. நோட்டும் கையுமாக ஓடிய ஜெயக்கொடி சங்க அலுவலகத்துக்குள் எட்டிப்பார்த்தபோது, வெள்ளத்துரை தலையில் முண்டாசு கட்டி, ஏணிமேல் நின்று, நீளத் துடைப்பத்தால் விட்டத்தைத் துழாவிக்கொண்டிருந்தார்.

“அண்ணாச்சி, நாளே இல்லைன்னு நீங்கதான நோட்டீஸ் போட்டீங்க?”

“நாள் இல்லைன்னுதானம்மா போட்டோம்,” என்றார் வெள்ளத்துரை இறங்காமலே. “ஒட்டடை இல்லைன்னா போட்டோம்? தள்ளி நில்லு, கண்ணுல விழுந்திரும்.” அவள் அதை ஒரு சொல் விடாமல் எழுதிக்கொண்டாள்.

தை மாதம் ஆய்வேட்டைச் சமர்ப்பித்தாள், ஐந்தாம் அத்தியாயத்தோடுதான். மொத்தம் இருபத்தெட்டு நாள், கடைசி நாள் மார்ச் முப்பத்தொன்றாம் தேதிச் செவ்வாய்க்கு மறுநாள் வரும், அன்று நிலா இருக்காது என்றும் அதில் எழுதியிருந்தாள். பங்குனியில் தேதி குறித்து வந்தது: மார்ச் முப்பத்தொன்று, அவள் கல்லூரி மண்டபத்திலேயே பொது வாய்மொழித் தேர்வு, ஜப்பானிலிருந்து பேராசிரியர் மொரிஷிதா என்ற அம்மையார் தேர்வாளராக வருகிறார். அந்த ஒரு நாளை விட்டால் பதிவு காலாவதி.

அன்று காலை பத்து மணிக்கு மண்டபம் தயார், ஏகாம்பரநாதன் தயார், வந்தவர்களுக்கு வைக்கக் கேசரியும் போண்டாவும் தயார். நம் பக்கத்தில் வாய்மொழித் தேர்வென்றால் கேள்வி எப்படியோ, டிபன் நன்றாக இருக்கவேண்டும். மொரிஷிதா வரவில்லை. பன்னிரண்டாயிற்று, மூன்றாயிற்று, ஜெயக்கொடி வாசலுக்கும் மேடைக்கும் நடந்து நடந்து காலில் கொப்புளம் போட்டது. சாயங்காலம் ஐந்தரைக்கு, அலுவலகம் பூட்டிய பிறகு, வெள்ளை முடியும் தோள்பையுமாகக் குள்ளமான ஒரு அம்மா ஆட்டோவிலிருந்து இறங்கி, தாமதத்துக்கு இடுப்பு வளையக் குனிந்து மன்னிப்புக் கேட்டுவிட்டு, தேர்வை நாளைக்கு வைத்துக்கொள்ளலாம் என்றார்.

“நாளைக்கு ஏப்ரல் ஒண்ணு மேடம், இவ பதிவே செல்லாது!” என்று ஏகாம்பரநாதன் ஆங்கிலத்தில் பதறினார்.

“நாளைக்கு ஏப்ரல் ஒன்று இல்லையே,” என்றார் மொரிஷிதா. “ஐந்தாம் அத்தியாயத்தை நீங்கள் படிக்கவில்லையா?” பிறகு ஜெயக்கொடியைப் பார்த்து, கொஞ்சம் வெட்கத்தோடு, “முப்பது வருஷமாக இந்த நாட்களைப் பற்றி எழுதுகிறேன். ஒன்றையாவது நேரில் பார்க்கவேண்டும் என்று மதுரையில் காலையிலிருந்து ஒளிந்துகொண்டிருந்தேன்” என்றார். ஜெயக்கொடிக்கு அவரைக் கட்டிப்பிடித்துக்கொள்வதா, தன் தலையில் அடித்துக்கொள்வதா என்று தெரியவில்லை. அந்த நாள் வராமல் போனால் எட்டு வருஷமும் போச்சு.

வந்தது. பால் இல்லை, பேப்பர் இல்லை, தேதி இல்லை, குளிர் இருந்தது. பொதுத் தேர்வென்பதால் யார் வேண்டுமானாலும் வரலாம் அல்லவா, வந்துவிட்டார்கள். அவள் நோட்டில் பேர் ஏறிய அத்தனை பேரும், தீப்பெட்டி ஆபீஸ் பெண்களும் வெள்ளத்துரையும் அல்வாக்காரர்களும் பெட்ஷீட்டோடு வந்து மண்டபத்தை நிறைத்தார்கள். டிபனில் ஒரு மாற்றம்: எழுந்ததிலிருந்து எல்லாருக்கும் நீளமாக, நூலாக எதையாவது சாப்பிடவேண்டும்போல் ஒரே தவிப்பாம், பேச்சித்தாய் அண்டா அண்டாவாக இடியாப்பம் பிழிந்து கொண்டுவந்திருந்தாள். வருஷத்தின் கடைசி நாளில் நீள நூடுல்ஸ் சாப்பிடுவது எங்கள் வழக்கம் என்று மொரிஷிதா சொல்லி, தேங்காய்ப்பாலை ஊற்றிக்கொண்டு மூன்று சாப்பிட்டார். ஏகாம்பரநாதன் வேண்டாம் வேண்டாம் என்று ஐந்து சாப்பிட்டார்.

ஜெயக்கொடி ஒன்றரை மணிநேரம் பேசினாள். நாளை எடுத்துவிட்டதாக மேலே இருப்பவர்கள் எழுதிக்கொண்டார்கள், கீழே இருந்தவர்கள் அதை வாழ்ந்துவிட்டுப் போனார்கள், அது எங்கேயும் பதிவாகவில்லை, பதிவாகாததை இல்லை என்று சொன்னது வரலாறு எழுதியவர்களின் தவறு என்றாள். மொரிஷிதா நாற்பது கேள்வி கேட்டார், ஒவ்வொன்றும் ஊசி. சிலவற்றுக்குத் தெரியாது என்று ஒப்புக்கொண்டாள். ஏகாம்பரநாதன் ஒன்றுமே கேட்கவில்லை. கடைசியில் மொரிஷிதா எழுந்து, பட்டத்துக்குப் பரிந்துரைக்கிறேன் என்றதும் மண்டபம் விசிலடித்தது.

அப்புறம்தான் அந்தத் தாள் வந்தது. தேர்வு முடிவு அறிக்கை: பெயர், தலைப்பு, பரிந்துரை, தேர்வு நடந்த தேதி. தேதியை ஆய்வாளரே எழுதவேண்டும், கீழே இருவரும் கையெழுத்திடவேண்டும்.

“முப்பத்தொண்ணு மார்ச்னு போடும்மா,” என்றார் ஏகாம்பரநாதன் தணிந்த குரலில். இவ்வளவு கனிவாக அவர் அவளிடம் பேசியதே இல்லை. “நேத்து நடந்ததாவே இருக்கட்டும். யாருக்கும் நஷ்டமில்ல. பட்டம் வந்துரும். வேற எதப் போட்டாலும் ஆபீஸ்ல தூக்கி எறிஞ்சுருவான், நீ காலாவதியாயிருவ. நான் உன் நல்லதுக்குச் சொல்றேன்.”

பேனா கையில் இருந்தது. நூற்றைம்பது வருஷத்துக்கு முன்னால் ஏதோ ஒரு ஜப்பான் கிராமத்தில், முந்தின ராத்திரி பிறந்த குழந்தையைப் பதியவந்தவனிடம், அப்படி ஒரு தேதி இல்லையப்பா, இதைப் போட்டுக்கொள்கிறேன் என்று சொன்ன குமாஸ்தாவை அவள் எட்டு வருஷமாக மனசுக்குள் திட்டிக்கொண்டிருந்தாள். அவன் அரக்கன் இல்லை என்று இப்போது புரிந்தது. அவனுக்கும் குடும்பம் இருந்திருக்கும், களைப்பு இருந்திருக்கும், பக்கத்தில் ஒருவர் கனிவாக, யாருக்கும் நஷ்டமில்லை என்று சொல்லியிருப்பார். அவளுக்கு அந்தக் குமாஸ்தாமேல் முதல்தடவையாகப் பாவமாக இருந்தது, தன்மேலும்தான். எழுதிவிடலாம், எவ்வளவு சுலபம்! நிமிர்ந்து பார்த்தாள், நானூறு பேர் பெட்ஷீட்டைப் போர்த்திக்கொண்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள், தங்கப்பழம் கடைசி வரிசையில் நின்றுகொண்டிருந்தார்.

“இவங்க எல்லாரும் இன்னைக்கு இங்க வந்திருக்காங்க சார்,” என்றாள். “நேத்து வரலையே.” குனிந்து எழுதினாள்: மெய்ஜி ஐந்தாம் ஆண்டு, பன்னிரண்டாம் மாதம், முப்பதாம் தேதி.

மொரிஷிதா அந்த வரியை நெடுநேரம் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். தாள் ஏகாம்பரநாதன் முன்னால் வந்தது. அவர் கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், மாட்டினார், மறுபடி கழற்றினார். “அஞ்சு இடியாப்பம் தின்னுருக்கேன்,” என்றார் யாரிடம் என்றில்லாமல். “எந்தத் தேதியில தின்னன்னு எவனாவது கேட்டா நான் என்னன்னு சொல்றது?” பச்சை மையில், தன் முழுப் பெயரையும் போட்டு, கீழே அதே தேதியைத் தன் கையால் இன்னொரு தடவையும் எழுதினார். மறுநாள் ஏப்ரல் ஒன்று விடிந்தது. ஜப்பான் கிழமை அதன்பிறகு வரவே இல்லை.

பல்கலைக்கழகம் எதிர்பார்த்தபடியே அறிக்கையைத் திருப்பி அனுப்பியது, இப்படி ஒரு தேதி இல்லை, பதிவு காலாவதியாகிவிட்டது என்று. ஜெயக்கொடி அழுதாள், இரண்டு நாள் கல்லூரிக்குப் போகவில்லை. தேதியைத் திருத்திக்கொடு என்று வந்த மூன்று கடிதங்களுக்கும் மாட்டேன் என்றே எழுதினாள். சண்டையைக் கையில் எடுத்துக்கொண்டது, நம்ப மாட்டீர்கள், ஏகாம்பரநாதன். அறிக்கை ஓர் ஆவணம், அதில் தேதி இருக்கிறது, இரண்டு பேராசிரியர்கள் கையெழுத்து இருக்கிறது, இது செல்லாதென்றால் முப்பத்திரண்டு வருஷமாக நான் போட்ட எந்தக் கையெழுத்தும் செல்லாது, நான் பட்டம் வாங்கிக்கொடுத்த பத்தொன்பது பேரையும் கூப்பிட்டுப் பட்டத்தைத் திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள் என்று வாரம் ஒரு கடிதம் எழுதினார். அந்தப் பத்தொன்பதில் ஒருவர் பதிவாளராகவே இருந்ததால் விஷயம் சிக்கலாகி, உண்மையை அறிய மூவர் குழு ஒன்று சிவகாசிக்கு வந்தது.

குழு செவ்வாய்க்கிழமை வந்து காத்திருந்தது, நேராகப் புதன்கிழமைதான் வந்தது. ஒன்றுமில்லை என்று எழுதிவிட்டுக் கிளம்புமுன், தலைவர் பேச்சித்தாய் கடையில் டீ குடித்தபடி, சும்மா பேச்சுக்கு, அப்படி ஒரு நாள் வந்ததாமே, நீங்கள் என்னம்மா செய்தீர்கள் என்று கேட்டுவிட்டார். அவள் சொல்லத் தொடங்கினாள். பக்கத்து பெஞ்சுக்காரர் குறுக்கே புகுந்து, தான் தம்பியோடு பேசியதைச் சொன்னார். சிவப்புச் சேலை கட்டிய தீப்பெட்டி ஆபீஸ் பெண் ஒருத்தி, தான் பத்து மணி வரை தூங்கியதைச் சொன்னாள். வெள்ளத்துரை ஏணி ஏறியதைத் தானே வந்து சொன்னார். மதியம் குழுவினர் காகிதம் வாங்க ஆள் அனுப்பினார்கள், சாயங்கால பஸ்ஸை விட்டார்கள், மறுநாளும் தங்கினார்கள். திரும்பிப் போகும்போது ஆளுக்கு மூன்று நோட்டு நிறைந்திருந்தது. அதற்குமேல், அப்படி ஒரு நாள் இல்லை என்று எழுத அவர்களுக்கு மனசு வரவில்லை.

ஆவணி மாதம் ஒரு வியாழக்கிழமை மதியம் பதிவுத்தபாலில் சான்றிதழ் வந்தது. தங்கப்பழம் கையெழுத்துப் போட்டு வாங்கி, உறையைப் பிரிக்காமல் அவளிடம் நீட்டினார். ஜெயக்கொடி கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு பிரித்து, முதலில் தேர்வு நடந்த தேதியைத்தான் படித்தாள், தான் எழுதிய அதே தேதியை, எழுத்தெழுத்தாக, இரண்டு தடவை. பிறகுதான் தன் பெயரைப் படித்தாள்.